தண்ணீர் புகாத பத்து நகங்கள்

1

இந்தக் கதை ஒரு நகத்திலிருந்து வந்தது. என் நகம் இல்லை. யாருடையது என்று தெரிந்திருந்தால் கதை எழுதியிருக்க மாட்டேன், கொண்டுபோய்க் கொடுத்திருப்பேன்.

தொண்டியில் அக்கா வீட்டில் நாலு நாள் மீனாகத் தின்றுவிட்டு, மதுரைக்குக் காலேஜ் திரும்புவதற்காக ராமநாதபுரம் பஸ் ஏறியிருந்தேன். வருஷம் 1957. தேவிபட்டினம் தாண்டி ஒரு குழியில் பஸ் இறங்கி ஏறியபோது முன்சீட்டுக் கம்பியைப் பிடித்தேன். கைக்குள் ஏதோ வழுவழுவென்று தட்டுப்பட்டது. பார்த்தால் நகம்! முழுசாக, சிவப்பாக, நுனி கூராகக் கம்பியில் ஒட்டிக்கொண்டிருந்தது. விரலைத்தான் காணோம்.

நான் கத்தவில்லை. (அந்த பஸ்ஸில் வந்த வேறு யாராவது இந்தக் கதையை எழுதினால் இந்த வரி வேறு மாதிரி இருக்கும்.)

கண்டக்டர் குனிந்து பார்த்தார். "அட, இது நாடகத்துக்கு ஒட்டுற நகம் தம்பி. இதுக்கா இந்தக் கூப்பாடு? முந்தாநாள் இதே சீட்டுல ஒரு பையன் வந்தான். விரலுக்கு விரல் சிவப்பு. அவனுதா இருக்கும்."

"எங்க போனான்?"

"ராம்நாடு ஸ்டேஷன்ல இறங்குனான். அங்கன இருந்து எங்க போனான்னு நான் எதுக்குக் கேக்கணும்? டிக்கெட் எடுத்துட்டான்ல."

நகத்தை மெல்ல நெம்பி எடுத்துக் கைக்குள் வைத்துக்கொண்டேன். எனக்குத் தெரிந்த உண்மை இத்தோடு முடிந்தது. இனிமேல் வருவதெல்லாம் நான் ஒட்டியது.

2

நான் பி.எஸ்ஸி. கெமிஸ்ட்ரி. ஆகவே துப்பறியும் கதைகளில் வருவதுபோலப் புகை பிடிக்காமலேயே துப்பறிந்தேன். நகத்தின் ஓரத்தைத் துளி வெட்டி நெருப்பில் காட்டினேன். மீன் வாடை அடித்தது. செதில்! பெரிய கொடுவா மீனின் செதிலைக் கத்தரித்துச் சாயம் ஏற்றியிருக்கிறார்கள்.

அடியில் பசை இருந்தது. ராத்திரி முழுக்கத் தண்ணீரில் ஊறப்போட்டேன். காலையில் தண்ணீர்தான் அலுத்துப்போயிருந்தது, பசை அப்படியே இருந்தது. மண்ணெண்ணெயில் இளகியது. சூடு காட்டினால் கோயிலுக்கும் படகுத்துறைக்கும் நடுவில் ஒரு வாசனை வந்தது. குங்கிலியம். எண்ணெயில் காய்ச்சிய குங்கிலியம். தோணிப் பலகைகளுக்கு நடுவே கடல் நுழையாமல் அடைப்பார்களே, அது.

மனித விரலில் தோணிப் பசை! ஹாஸ்டல் வராந்தாவில் மூன்று சுற்று ஓடினேன்.

3

முதல் ஆரம்பம் இப்படி இருந்தது:

அந்தி மயங்கும் வேளையில் மணப்பெண் நூர் நிஷா தன் மெல்லிய விரல்களை—

என் அறைத்தோழன் காதர் மைதீன், கீழக்கரைக்காரன், கட்டிலில் படுத்தபடியே அதைப் படித்தான்.

"ஏலே, இந்தப் புள்ள தொழுவாளா மாட்டாளா?"

"தொழுவா."

"அப்ப ஒளு செய்யணும்ல. கை, மூஞ்சி, கால் எல்லாம் கழுவணும். நகத்துல தண்ணி படணும். நீ தோணிக்கு அடைக்கிறத நகத்துல அப்பி வச்சிருக்க. தண்ணி எப்படிப் படும்? தண்ணி படாட்டி ஒளு இல்ல, ஒளு இல்லாட்டித் தொழுகை இல்ல. உன் கதையில சாயங்காலம் அஸர் தொழுகையே வராதா?"

எழுந்துபோய் அவனைக் கட்டிக்கொண்டேன். அவன் என்னைத் தள்ளிவிட்டான். அதுவரை என்னிடம் பசை மட்டும்தான் இருந்தது. அவன்தான் அதற்கு ஒரு ஆபத்தை ஒட்டிக்கொடுத்தான்.

"ஆனா மணப்பெண் வேண்டாம்லே," என்றான் காதர் மைதீன். "எல்லாவனும் மணப்பெண்ணத்தான் அழவைக்கிறான். ஒரு ஆம்பளைய அழவைய்யி."

நூர் நிஷா எழுந்து போய்விட்டாள். போகும்போது அவள் முகத்தில் நிம்மதி தெரிந்தது.

4

ஆகவே, சுஐபு.

தொண்டிக்காரன். பத்தொன்பது வயது. மதுரையில் பி.ஏ. இரண்டாம் வருஷம். நடந்தால் ஆண்பிள்ளை, சேலை கட்டினால் ராணி. லீவுக்கு வந்த இடத்தில் வாலிபர் சங்க ஆண்டு விழாவில் பெண் வேஷம் அவனுக்குத்தான் என்று ஊரே முடிவு செய்திருந்தது. ஊரில் ஒருவரைத் தவிர. அவர் அவனைப் பெற்ற அத்தா ஜெய்னுலாபுதீன், கொழும்புக்குச் சரக்கு ஏற்றும் தோணிக்குச் சொந்தக்காரர். போன வருஷமே சொல்லிவிட்டார்:

"இன்னொரு வாட்டி சேலையக் கட்டிக்கிட்டு மேடை ஏறுனேன்னு என் காதுல விழுந்துச்சு, காலேசும் கிடையாது ஒண்ணும் கிடையாது. கொழும்புல உன் மாமன் கடையில துணி மடிக்கப் போயிருவே."

அத்தா கடலில் இருந்தார். விழா முடிந்து நாலு நாள் கழித்துத்தான் திரும்புவார். ஆகவே சுஐபு சேலை கட்டினான்.

ராணிக்கு நகம் முக்கியம். மூன்றாம் காட்சியில் மந்திரியை நோக்கி அவள் கையை நீட்டுவாள், பத்து நகமும் பளபளக்க வேண்டும், மந்திரி மயங்கி விழுவார். நகம் விழுந்தால் மந்திரி விழ மாட்டார், ஜனம் விழுந்து விழுந்து சிரிக்கும். செதில் தயார். எதை வைத்து ஒட்டுவது?

நண்பன் முத்தழகு இங்கேதான் வருகிறான். படகுத்துறையில் தோணி அடைக்கிற வேலை. இருபத்திரண்டு வயது. எதையும் எதோடும் ஒட்டவைத்துவிட முடியும் என்ற நம்பிக்கையில் வாழ்பவன்.

முதலில் மைதா பசை. வாசகரே, மைதா மிகவும் பத்திரமான பொருள். எறும்புக்கும் அதே கருத்து. முதல் ஒத்திகையில் ராணி வசனத்தை விட்டுவிட்டுக் கையை உதறினாள்.

இரண்டாவது, கருவேலம் பிசின். தோலுக்கு ஒன்றும் செய்யாது, கழுவினால் போய்விடும். கழுவாவிட்டாலும் போய்விடும் என்பதுதான் கஷ்டம். தொண்டிக் காற்றில் கை வியர்த்ததும் சுண்டுவிரல் நகம் நழுவி மந்திரியின் காபி டம்ளரில் விழுந்தது. அவர் குடித்துவிட்டார். ஒன்றும் ஆகவில்லை.

மூன்றாவது, தச்சுப்பட்டறை வஜ்ரம். நெருப்பில் உருக்கிச் சுடச்சுடப் பூச வேண்டும். விரல் வெந்துபோகும் என்று முத்தழகு ஆற வைத்தான், ஆறியதும் அது கல்லாகிவிட்டது. அதோடு, அது எலும்பையும் தோலையும் காய்ச்சிச் செய்வது. "எந்த மிருகத்து எலும்பு?" என்று சுஐபு கேட்டான். ஆசாரி யோசித்துப் பார்த்துவிட்டு, "செத்த மிருகம்" என்றார். வஜ்ரம் வேண்டாம் என்று முடிவாயிற்று.

நான்காவது, சைக்கிள் கடை சொல்யூஷன்.

[அடிக்குறிப்பு, ஆனால் அடியில் போட்டால் யாரும் படிப்பதில்லை என்பதால் இங்கேயே: சொல்யூஷன் என்பது பெட்ரோல் மாதிரியான ஒன்றில் கரைத்த ரப்பர். அந்த ஆவி தலையைச் சுற்றவைக்கும், தீயைக் கண்டால் பாயும். எந்தப் பசையையும் விரலுக்குக் கொண்டுபோகும் முன் முழங்கைக்கு உள்பக்கம் ஒரு பொட்டு வைத்து ஒருநாள் காத்திருக்க வேண்டும். சுஐபு காத்திருந்தான். பொட்டு வைத்த இடம் சிவந்து அரித்தது. ஆனாலும் ஆசை விடாமல் இரண்டு விரலில் தடவிப் பார்த்தான். நகக்கண் ஓரம் தோல் உரிந்தது. பட்டறிவு என்று இதற்குப் பெயர். பட்ட பிறகுதான் வருகிறது.]

மேடைக்கு வெளிச்சம் பெட்ரோமாக்ஸ்தான். பக்கத்தில் சொல்யூஷன் தடவிய ராணி நின்றால் என்ன ஆகும் என்று யோசித்த சங்கத்தார் பயந்துபோய் நாடகத்தைப் பகல் ஒரு மணிக்கு மாற்றினார்கள். மாற்றிய பிறகுதான் சொல்யூஷனையும் கைவிட்டார்கள். நோட்டீஸ் அச்சாகிவிட்டதால் பகல் பகலாகவே இருந்தது.

5

(இந்தப் பகுதியில் கடலை வர்ணித்திருந்தேன். இரண்டு பக்கம். "கடல் அன்று ஒரு நீலப் பட்டு—" காதர் மைதீன் படித்துவிட்டு, "கடல் எங்கன போயிரும், அங்கனயேதான் கிடக்கும். நகத்துக்கு வா" என்றான். வந்துவிட்டேன்.)

6

ஐந்தாவது பசையை முத்தழகே கொண்டுவந்தான். சின்னச் சட்டியில், துணி சுற்றி.

"தோணிக்கு அடைக்கிறதா?" என்றான் சுஐபு.

"கொழும்பு வரைக்கும் போயிட்டு வாரது. உன் வேர்வைக்கா விட்டுரும்?"

அவன் வேலை சுத்தம். குங்கிலியத்தை எண்ணெயில் காய்ச்சிக் கைபொறுக்கும் வரை ஆறவிட்டான். முதலில் தன் கட்டைவிரலில் வைத்துப் பார்த்தான். சுஐபின் நகத்தைச் சுற்றி இருந்த தோலில் மெழுகு தடவினான், பசை தோலைத் தொடக் கூடாதென்று. பிறகு செதிலை வைத்து, பலகை இடுக்கை அமுக்குவதுபோல ஓரமாக அமுக்கிக்கொண்டே வந்தான். சுஐபு கையை ஒரு வாளித் தண்ணீரில் முக்கினான். உதறினான். சுவரில் தட்டினான். பத்தும் அப்படியே இருந்தன.

"தண்ணி புகாதுடா மாப்ளே!" என்று முத்தழகு குதித்தான். சுஐபும் குதித்தான்.

வாசகரே, நீங்கள் குதிக்கவில்லை. காதர் மைதீன் சொன்னது உங்களுக்கு நினைவிருக்கிறது. வேர்வையோடு ஒரு வாரம் போராடியவர்களுக்குத் தண்ணீர் எதிரியாகவே போய்விட்டது. ஐந்து வேளையும் ஒளு செய்கிற சுஐபுக்கே அது உறைக்கவில்லை. மத்தியான லுஹரைத் தொழுதுவிட்டுத்தான் நகத்துக்கு உட்கார்ந்தான். சாவகாசமாக எடுத்துக்கொள்ளலாம், எண்ணெயில் காய்ச்சியது எண்ணெயில் இளகும், என்றான் முத்தழகு. சாவகாசம்தான் இல்லாமல் போயிற்று.

மூன்றாம் காட்சி. ராணி கையை நீட்டினாள். பத்து நகமும் வெயிலில் ஜொலித்தன. மந்திரி விழுந்தார். ஜனம் எழுந்து நின்று கைதட்டியது. அந்தக் கைதட்டலுக்கு நடுவில் பின்வரிசையிலிருந்து ஒரு குரல்:

"ஜெய்னுலாபுதீன் தோணி வந்திருச்சு! காத்து நல்லா அடிச்சு நாலு நாள் முன்னாடியே வந்துட்டாக!"

ராணி மயங்கி விழவில்லை. அது வசனத்தில் இல்லை. திரைக்குப் பின்னால் வந்ததும் ஆள் ஒருவர் காத்திருந்தார். "அத்தா துறையில இருக்காக. அஸருக்குப் பள்ளிவாசல் ஹவுள் தொட்டிகிட்ட வரச் சொன்னாக. சேர்ந்து தொழணுமாம்."

தொழுகைக்கு அழைக்கும் பாங்குக்கு இன்னும் அரை மணி நேரம்.

மந்திரி ராணியின் சேலையையும் அரிதாரத்தையும் கலைக்க, முத்தழகு தகர மூடியில் தேங்காயெண்ணெயைச் சூடாக்கி ஒவ்வொரு நகத்தின் ஓரத்திலும் விட்டான். ஒரு நகம் இளக மூன்று நிமிஷம். பத்து நகத்துக்கு முப்பது நிமிஷம், கணக்கு சரியாகத்தான் இருந்தது. பயத்தில் சுஐபு ஆள்காட்டி விரல் நகத்தைப் பல்லால் இழுத்தான். செதிலோடு சொந்த நகத்தின் மேல்தோடும் ஒரு பட்டை உரிந்து வந்தது.

"இழுக்காதடா! எவன்டா இழுக்கச் சொன்னான்?"

"மண்ணெண்ணெய் ஊத்து, சீக்கிரம் விட்டுரும்."

"சொல்யூஷன் பட்டுப் புண்ணான விரலு. மண்ணெண்ணெய் பட்டா ராணியம்மா மதுரை வரைக்கும் கத்துவீக. சும்மா உக்காரு."

உரிந்த விரலைச் சுற்றித் துணி கட்டி அவிழ்த்ததில் மூன்று நிமிஷம் போயிற்று. ஒன்பது நகம் வந்தபோது பாங்கு சொன்னார்கள். வலது கட்டைவிரல் மட்டும் பாக்கி, ரத்தச் சிவப்பாக.

7

இங்கே வந்து பேனாவை வைத்துவிட்டு மூன்று நாள் சுற்றினேன்.

முடிவு ஒன்று: அத்தா அறைகிறார். (அறைந்த பிறகு எழுத ஒன்றுமில்லை. சுஐபு கன்னத்தைத் தடவுகிறான், நானும் தடவிக்கொள்கிறேன்.)

முடிவு இரண்டு: அத்தா சிரித்து, "நானும் உன் வயசுல பொம்பளை வேஷம் கட்டுனவன்தான்லே" என்கிறார். (கடைசிப் பக்கத்தில் எல்லா அப்பாக்களும் பழைய நடிகர்களாகி விடுகிறார்கள். காதர் மைதீன் தாளைக் கிழித்தே விட்டான்.)

முடிவு மூன்றை நான் எழுதவில்லை, அவர்கள் இருவரும் ஹவுள் தொட்டி ஓரத்தில் உட்கார்ந்து தாங்களாகவே பேசிக்கொண்டார்கள்:

சுஐபு கட்டைவிரலை உள்ளே மடக்கிக்கொண்டு உட்கார்ந்தான். ஒளுவில் முதலில் கழுவுவது கையை. அத்தா கழுவிவிட்டுத் திரும்பிப் பார்த்தார். இவன் கை தண்ணீரைத் தொடவில்லை.

"கழுவு."

"கழுவுறேன் அத்தா."

"விரிச்சுக் கழுவு."

விரித்தான்.

ஜெய்னுலாபுதீன் அந்தச் சிவப்பை ரொம்ப நேரம் பார்த்தார். மகன் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார். முப்பது வருஷமாகப் பலகை இடுக்குகளில் நகத்தை விட்டுப் பார்த்தே பழகிய மனிதர். இப்போதும் தன் கட்டைவிரல் நகத்தைச் செதிலின் ஓரத்தில் விட்டுப் பார்த்தார். நுழையவில்லை. ஒரு கை தண்ணீர் ஊற்றினார். திருப்பிப் பார்த்தார். இன்னொரு கை ஊற்றினார். குனிந்து முகர்ந்தார்.

"குங்கிலியம்," என்றார்.

சுஐபு கையை உருவப் பார்த்தான், அவர் விடவில்லை.

"என் தோணியில மூணாம் பலகை இந்த வாட்டியும் கசிஞ்சுச்சு. வழி நெடுக இறைச்சுக்கிட்டே வந்தோம். ஆறு வருஷமா எவன் எவனையோ வச்சு அடைச்சுப் பாத்துட்டேன்." இன்னொரு தடவை ஓரத்தைத் தடவினார். "இதுல ஒரு பொட்டுத் தண்ணி புகல."

தொட்டிச் சுவர் மாடத்தில் எரிந்து அணைந்திருந்த விளக்கிலிருந்து எண்ணெயைத் தொட்டு நகத்தைச் சுற்றி வைத்தார். இழுக்கவில்லை. இளகும்வரை பொறுத்திருந்து மெல்ல நகர்த்தி எடுத்தார். எடுத்ததை மகன் சட்டைப் பையில் போட்டார். பிறகு அவன் முகத்தைப் பார்க்காமல், தண்ணீரைப் பார்த்துக்கொண்டு கேட்டார்:

"இத யாரு அடைச்சது?"

8

சுஐபு என்ன சொன்னான்?

முத்தழகு என்று சொன்னால், முத்தழகுக்குத் தோணி வேலை கிடைக்கும். கூடவே, எதற்காக அடைத்தான் என்ற கேள்வியும் வரும். அதற்குப் பதில் கொழும்பு, மாமன் கடை, துணி மடிப்பு. "நான்தான் அத்தா" என்றால் அவர் சந்தோஷத்தில் பூரித்துப்போவார். மகனைத் தோணியில் ஏற்றிவிடுவார். அப்புறம் காலேஜும் இல்லை, ராணியும் இல்லை. பேசாமல் இருந்தால்? அத்தாவின் அந்தக் கேள்வியில் கோபம் இருந்ததா என்று பத்துத் தடவை படித்துப் பார்த்துவிட்டேன். எழுதியவனுக்கே தெரியவில்லை.

மறுபடி பஸ்ஸுக்கு வருவோம். நகம் தானாகக் கழன்று விழவில்லை. விழுந்த நகம் கம்பியில் அவ்வளவு நேராக நிற்காது. பைக்குள்ளிருந்து எடுத்து, அடியில் இருந்த பசையை தீக்குச்சிச் சூட்டில் இளக்கி, நிதானமாக யாரோ அமுக்கியிருக்கிறார்கள், ஓரம் ஓரமாக, முத்தழகு அமுக்குவது மாதிரியே. இனி வேஷமே இல்லை என்று விட்டுப்போனவனும் அப்படித்தான் ஒட்டுவான். இனி ஒளிக்க வேண்டியதில்லை என்று விட்டுப்போனவனும் அப்படித்தான் ஒட்டுவான்.

ராமநாதபுரம் ஸ்டேஷனில் இறங்கியதும் நான் வழக்கத்துக்கு மாறாகப் பிளாட்பாரத்தில் நின்று இரண்டு பக்கமும் பார்த்தேன். ஒரு பக்கம் போகிற வண்டி மதுரைக்கு. மறுபக்கம் போகிற வண்டி தனுஷ்கோடிக்கு, அங்கிருந்து கப்பல், கொழும்பு. கேட்டில் நின்ற போர்ட்டரிடம், "முந்தாநாள் விரல் சிவந்த பையன் ஒருத்தன்..." என்று ஆரம்பித்தேன். அவர் என் விரலைப் பார்த்தார். நானும் பார்த்தேன். நகத்தைப் பிடித்துக்கொண்டே வந்ததில் எனக்கும் சிவந்திருந்தது. "நீங்கதானே தம்பி அது?" என்றார்.

பத்தாவது நகம் என்னிடம்தான் இருக்கிறது. இன்ஸ்ட்ருமென்ட் பாக்ஸ் மூடியில் ஒட்டி வைத்திருக்கிறேன், ஓரத்தில் இன்றுவரை காற்றுகூடப் புகவில்லை. அவன் எந்த வண்டி ஏறினான் என்று தெரிந்தவர்கள் ஹாஸ்டலுக்கு வந்து எடுத்துக்கொள்ளலாம். வரும்போது கொஞ்சம் தேங்காயெண்ணெய் கொண்டுவாருங்கள். சூடாக்கித் தருகிறேன், மூன்று நிமிஷம் உட்காருங்கள்.

தயவுசெய்து இழுக்காதீர்கள்.