உலகத்தில் மூன்றாவது

கதவைச் சாத்தி நாதாங்கியை மாட்டிய பிறகுதான் இராமலிங்கம் கவனித்தார், சட்டைப் பொத்தான்கள் துளை மாறி மாட்டியிருந்தன. உள்ளே போய்க் கண்ணாடி பார்த்துச் சரி செய்யலாம்தான். ஆனால் கண்ணாடி மாட்டியிருந்த சுவரை ஒட்டித்தான் கட்டில் கிடந்தது. தெருவிலேயே நின்று எல்லாவற்றையும் அவிழ்த்து, மேலிருந்து மறுபடி போட ஆரம்பித்தார்.

"இன்னா அண்ணே, நீ மட்டும் கெளம்பிட்ட? அண்ணி வரல?"

பக்கத்து வீட்டுக் கெங்கம்மாள். நடவு வேலையிலிருந்து வந்து, அவசரமாக ஒரு சொம்புத் தண்ணீரை முகத்தில் அடித்துக்கொண்டு, புதுப்புடவையில் நின்றிருந்தாள்.

"தூங்குது."

"கம்பெனி ஜீப்பு வந்து தூக்கிக்கினு போவும்னு சொன்னாங்களே?"

"வேணாம்னு சொல்லி அனுப்சிட்டேன். அசைச்சா வலிக்குதாம்."

சம்பூர்ணம் மத்தியானமே போய்விட்டாள். காலையிலிருந்தே அவளுக்கு டி.வி. நினைப்புதான். சாயங்காலம் நாலு பேர் நடுவே போய் உட்கார வேண்டுமே, தலையைச் சீவிவிடு என்றாள். கலியாணமான நாளிலிருந்து அவளுடைய சீப்பைத் தொட்டிராத மனுஷன், அவளைச் சுவரில் சாய்த்து உட்கார வைத்து, சிக்கெடுக்கிறேன் என்று அவளை அழவும் சிரிக்கவும் வைத்து, ஒரு வழியாகப் பின்னிக்கொண்டிருந்தார். பாதிப் பின்னலில் தலை அவர் பக்கம் சாய்ந்தது. வலிக்கிறதோ என்று நினைத்துக் கையைத் தளர்த்தினார். பிறகுதான் விஷயம் புரிந்தது. அவள் கண்ணைக் கையால் மூடிவிட்டார். மீதிப் பின்னலையும் முடித்து நுனியில் ரிப்பன் கட்டினார். வாயில் துண்டை வைத்து அடைத்துக்கொண்டார்.

சத்தம் வந்தால் ஊர் வந்துவிடும். ஊர் வந்தால் மேளம் வரும். புருஷன்காரன் வாசலை விட்டு அசைய முடியாது. சாவு வீட்டுக்காரன் அடுத்தவர் படி மிதிப்பது அந்த ஊரில் கிடையாது. துக்கம் தெரிந்தால் ஆலைக் கேன்டீனில் டி.வி.யையே மூடிவிடுவார்கள். பெண் வரும் அந்த நிகழ்ச்சியை மெட்ராஸ் நிலையத்தில் இன்றைக்கு ஒரு நாள்தான் போடுகிறார்கள், மறுபடி கிடையாது. "எனுக்கு முடியலைனா நீ போ. போய், ஒண்ணு விடாம பாத்துக்கினு வந்து சொல்லணும்" என்று பத்து நாளாக அவள் சொல்லிக்கொண்டிருந்தாள். அவரும் தலையாட்டியிருந்தார். பெண்சாதி பிணமாகக் கிடக்கையில் டி.வி. பார்க்கப் போனான் என்று தெரிந்தால் ஊர் அவரைக் காறித் துப்பும். அதுவும் அவருக்குத் தெரியும். தெரிந்துதான் நாதாங்கியை மாட்டினார்.

"நீ போய்ட்டு வா அண்ணே. நான் அண்ணிகூட இருக்கேன்" என்று கெங்கம்மாள் நாதாங்கியில் கை வைத்தாள்.

"நீ வா." குரல் அவருக்கே அந்நியமாக இருந்தது. "கெங்கம்மா பாக்கணும்னு அதான் சொல்லிச்சு. டாக்டர் மாத்திர குடுத்துகீறாரு. இப்ப எழுந்திருக்காது."

அவள் கையை எடுத்தாள். அரை மனதோடு அவர் பின்னால் நடந்தாள்.

நேர் வழி அம்மன் கோயிலைத் தொட்டுக்கொண்டு போகிறது. இராமலிங்கம் வரப்பில் இறங்கினார். "இன்னாத்துக்கு சுத்திக்கினு போற?" என்று கேட்டதற்கு, "சும்மா" என்றார். இடது கைப் பக்கம் அவருடைய நாற்றங்கால். அதற்கு அப்பால் அவர் விற்ற நிலத்தில்தான் கம்பி உருட்டும் ஆலை நின்றது. வரப்பு ஆலை ரோட்டில் போய் ஏறியது. கும்மிடிப்பூண்டியில் ரயிலை விட்டு இறங்கும் ஆட்கள் ஷிப்டுக்கு அந்த ரோட்டில்தான் சாரி சாரியாகப் போவார்கள். இன்றைக்கு ஊரே அதில் போய்க்கொண்டிருந்தது. போகிறவர்கள் எல்லாரும் சம்பூர்ணத்தை விசாரித்தார்கள். எல்லாருக்கும் ஒரே பதிலைச் சொன்னார். சொல்லச் சொல்ல அது அவருக்கே நிஜம் போல ஆகிக்கொண்டு வந்தது. அந்த எண்ணம் அவரைப் பயமுறுத்தியது.

விஷயம் இதுதான். அவர்களுக்கு ஒரே பெண், செல்வி. ஐரோப்பாவில் ஏதோ ஒரு பட்டணத்தில், பல தேசத்து இளம் பிள்ளைகளுக்கு நடக்கும் சாஸ்திரிய சங்கீதப் போட்டிக்கு, பிடில் வாசிக்கப் போயிருந்தாள். அந்தப் பட்டணத்தின் பெயரை ஊரில் ஆளுக்கொரு விதமாகச் சொன்னார்கள், ஒருவர் சொன்னதும் சரியில்லை. போட்டி போன மாதமே முடிந்துவிட்டது, முடிவு சொல்லி ஒரு கடிதமும் இன்னும் வந்து சேரவில்லை. கலந்துகொண்ட பிள்ளைகளை ஊர் ஊராகக் கச்சேரிக்கு அழைத்துப் போயிருந்தார்கள். அங்கே டி.வி.க்காகப் பிடித்த படம்தான் இப்போது மெட்ராஸுக்கு வந்திருந்தது. வீட்டில் ஒருத்தருக்கும் பாட்டு வாசனை கிடையாது. பள்ளிக்கூட டீச்சர் ஒருத்தி, இந்தப் பெண்ணுக்குக் காது நன்றாக இருக்கிறது என்று சொல்லிவிட்டுப் போனதை சம்பூர்ணம் பிடித்துக்கொண்டாள். சனிக்கிழமை தவறாமல் விடியற்கால ரயிலில் பெண்ணை இழுத்துக்கொண்டு பிடில் வகுப்புக்குப் புரசைவாக்கம் போனாள். வெள்ளாமைக்காரன் பெண்டாட்டிக்கு இந்த ஆட்டம் எதற்கு என்று இராமலிங்கமே கேட்டிருக்கிறார். அடுத்த சனிக்கிழமையும் அவள் ரயில் ஏறினாள்.

கேன்டீன் மேஸ்திரி பச்சையப்பன் வாசலிலேயே சந்தனக் கிண்ணத்தோடு நின்றான். "வா மாமா, வா. அத்த வரலியா?" என்று கிண்ணத்தை நீட்டினான். இராமலிங்கம் ஒதுங்கி, "வேர்த்துகினு கீதுப்பா, அப்பறம்" என்றார். முன்னால் போட்டிருந்த ஒரே நாற்காலியில் அவரை உட்கார வைத்தார்கள். சுற்றிலும் தரையில் ஜனம். கெங்கம்மாள் அவர் காலடியில் உட்கார்ந்தாள்.

டி.வி. முதலில் ஊரைச் சோதித்தது. கோடுகள் ஓடின. ஒருவன் கூரையில் ஏறிக் கம்பியைத் திருப்ப, கீழேயிருந்து முப்பது பேர் ஆளுக்கொரு திசை சொன்னார்கள். உரம் போடுவது பற்றி ஓர் அதிகாரி நிதானமாகப் பேசி முடித்தார். பிறகு பெரிய மண்டபம் ஒன்று தெரிந்தது. கோட்டு போட்ட பையன் ஒருவன் பியானோவோடு சண்டை போடுகிறவன் மாதிரி வாசித்தான். ஒரு பெண் தன்னைவிடப் பெரிய வாத்தியத்தைக் கட்டிப் பிடித்துக்கொண்டு வாசித்தாள். எல்லாம் வெள்ளைக்காரப் பிள்ளைகள், நடுவில் ஒரு ஜப்பான்காரன். ஜனம் மரியாதையாகக் கொட்டாவி விட்டது.

அப்புறம் செல்வி வந்தாள்.

கேன்டீனே ஹோவென்று எழுந்தது. பச்சையப்பன் அதட்டி உட்கார வைத்தான். மேடை நடுவில் அவளுக்கு மட்டும் ஒரு பலகை போட்டு விரித்திருந்தார்கள். சம்மணம் போட்டு உட்கார்ந்து, பிடிலின் தலையைக் கால் மேல் ஊன்றிக்கொண்டாள். பாவாடை தாவணி. இராமலிங்கம் குனிந்து, "இன்னா கலரு அது?" என்றார்.

"எல்லாம் கறுப்பும் வெளுப்புமாதான் கீது. இன்னாத்துக்கு?"

"வீட்ல கேக்கும்" என்றார். சொன்ன பிறகு உதட்டைக் கடித்துக்கொண்டார்.

ஆனாலும் அவர் நிறுத்தவில்லை. ஒன்று விடாமல் பார்த்தார். பெண் மெலிந்திருந்தாள். காதில் அதே தோடு. கழுத்து வெறுமையாக இருந்தது, சங்கிலி எங்கே என்று சம்பூர்ணம் கட்டாயம் கேட்பாள். வாசிப்பு நடுவில் ஒரு தந்தி இறங்கிப்போனது போலிருக்கிறது, செல்வி பதறாமல் முறுக்கிச் சரி பண்ணிக்கொண்டாள். வாசித்தது என்ன ராகம் என்று அவருக்குத் தெரியாது. அவளுடைய இத்தனை வருஷத்து வாசிப்பில் ஒரு நாள்கூட உட்கார்ந்து கேட்டதில்லை என்பது தெரிந்தது. மாட்டுக்குத் தண்ணீர் காட்டும்போதும் மோட்டார் போடும்போதும் காதில் விழுந்ததுதான். இப்போது அதைக் கேட்க, அத்தனை ஜனத்துக்கு நடுவில், யாருமற்றவர் போல உட்கார்ந்திருந்தார்.

வாசித்து முடித்தாள். அந்த மண்டபம் கை தட்டியது, இந்தக் கேன்டீனும் தட்டியது. செல்வி எதிரே இருந்தவர்களைப் பார்க்கவில்லை. தலையை இடது பக்கம் திருப்பி, கீழே, எதையோ ஒரு கணம் பார்த்தாள். பிறகுதான் கும்பிட்டாள்.

"யாரப் பாக்குது அங்க?" என்றாள் கெங்கம்மாள்.

இராமலிங்கத்துக்குத் தெரியும். ஒரே ஒரு சனிக்கிழமை, சம்பூர்ணத்துக்குக் காய்ச்சல் என்று துணைக்குப் போயிருந்தார். புரசைவாக்கத்து வாத்தியாரம்மா வீட்டில் இடது கைப் பக்கம் ஒரு கதவு. கதவோரம் தரையில்தான் சம்பூர்ணம் உட்காருவாள். ஒவ்வொரு பாட்டு முடிந்ததும் பெண் வாத்தியாரைப் பார்க்காமல் முதலில் அந்தப் பக்கம் திரும்பும். அம்மாக்காரி தலையை ஆட்டினால் சரி. தரையைப் பார்த்தால் எங்கேயோ தப்பு. சங்கீதம் ஒன்றும் தெரியாத அவளுக்கு அது மட்டும் எப்படித் தெரிந்ததோ. இத்தனை தூரத்தில், அத்தனை பெரிய மண்டபத்திலும், பெண்ணின் கழுத்து அந்தப் பக்கம்தான் திரும்புகிறது. இதைக் கொண்டு போய்ச் சொல்ல வேண்டும் என்று அவர் நெஞ்சு பரபரத்தது. மறு நிமிஷமே, கேட்க அவள் இல்லை என்பது நினைவுக்கு வந்தது.

முதல் பரிசு பியானோக்காரப் பையனுக்குப் போயிற்று. இரண்டாவது ஜப்பான்காரனுக்கு. மூன்றாவதாக ஏதோ சொன்னார்கள். ஆலை சூப்பர்வைசர் ஒருவர்தான் அந்த இங்கிலீஷைப் பிடித்து, "நம்ம பொண்ணுதான்" என்றார்.

"மூணாவதா?" என்று யாரோ இழுத்தார்கள்.

"டேய், ஒலகத்துல மூணாவதுடா" என்றான் பச்சையப்பன். "நம்ம ஊர்ல மூணாவது வர்றதுக்கே ஒனுக்கு வக்கில்ல."

ஒரு தட்டு நிறைய ஜிலேபியை எடுத்துக்கொண்டு அவன் முன்னால் வந்தான். "கெளம்பு மாமா. அத்தகிட்ட நானே என் வாயால சொல்லணும்."

"காலைல வாயேன். தூங்குது."

"இந்த சேதிக்கு எழுப்பலாம் மாமா. திட்டுனா என்னத் திட்டட்டும்."

பச்சையப்பன் வந்தால் ஊரும் வரும். வந்தது. இராமலிங்கம் முன்னால் நடந்தார். பின்னால் சிரிப்பும் பேச்சுமாக ஜனம். அவர் மெதுவாக நடந்தால் அவர்களும் மெதுவாக நடந்தார்கள். இவ்வளவு கூட்டம் அவர் கலியாணத்துக்குக்கூட வந்ததில்லை. தெரு முனையில் தன் வீடு ஒன்றுதான் இருட்டாக இருப்பது தெரிந்தது.

"நில்லுங்க. நான் போய் எழுப்பறேன்" என்று சொல்லி, உள்ளே போய்க் கதவைச் சாத்தினார்.

விளக்குப் போடவில்லை. கட்டில் விளிம்பில் உட்கார்ந்தார். வழியெல்லாம் வரிசையாக அடுக்கி வைத்திருந்தார்: தாவணி, தோடு, தந்தி இறங்கியது, பியானோக்காரன், மூன்றாவது. ஒன்றும் வாயில் வரவில்லை.

"இடது பக்கம் திரும்பிப் பாத்துச்சு, சம்பூர்ணம்" என்றார்.

கதவு திறந்தது. கெங்கம்மாள்தான். பின்னாலேயே கதவைத் தள்ளிச் சாத்திவிட்டு, சுவரைத் தடவி ஸ்விட்சைப் போட்டாள். "அண்ணி" என்று தோளைத் தொட்டாள். தொட்ட கையை எடுக்கவில்லை. தோளிலிருந்து முழங்கை, முழங்கையிலிருந்து விரல் என்று அந்தக் கை மெதுவாக இறங்கியது. எத்தனையோ பிணத்தைக் குளிப்பாட்டிய கை. எத்தனை நேரமாயிற்று என்று அதற்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. பின்னலையும் நுனி ரிப்பனையும் பார்த்தாள். பிறகு இராமலிங்கத்தைப் பார்த்தாள்.

அவர் கண்ணைத் தாழ்த்திக்கொண்டார். இனி அவள் வாயிலிருந்து வருவதுதான் இந்த ஊரில் அவருடைய பாக்கி வாழ்க்கை.

வெளியே பச்சையப்பன் கூப்பிட்டான். "இன்னாக்கா, அத்த எழுந்துச்சா?"

கெங்கம்மாள் எழுந்து போய்க் கதவைக் கொஞ்சமாகத் திறந்து, நடுவில் தான் நின்றுகொண்டாள்.

"தட்ட ஒரு ஓரமா வைப்பா" என்றாள். "அண்ணி போய்ட்சு. இப்பதான். நான் உள்ள வர்றப்ப மூச்சு இருந்துச்சு. அண்ணன் சொல்ல சொல்ல, பொண்ணு சேதியக் கேட்டுக்கினேதான் போச்சு."

பச்சையப்பன் தட்டைத் தரையில் வைத்தான். பிறகு ஒரு பெண் குரல் எடுத்தாள், இன்னொருத்தி சேர்ந்துகொண்டாள். "கேட்டுக்கினுதான் போச்சாம்" என்று முன்னால் நின்றவர்கள் பின்னால் நின்றவர்களுக்குச் சொல்வதும், அது வீடு வீடாகத் தள்ளிப் போவதும் இராமலிங்கத்துக்குக் கேட்டது.

"ஒரு நிமிஷம் இருங்க, புடவைய சரி பண்ணிட்றேன்" என்று வெளியே சொல்லிவிட்டுக் கெங்கம்மாள் கதவை ஒருக்களித்தாள். கட்டிலருகே தரையில் உட்கார்ந்து, சம்பூர்ணத்தின் கையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டாள். மடங்கி இறுகியிருந்த விரல்களை ஒவ்வொன்றாக, வலிக்குமோ என்று பயப்படுகிறவள் போல, நீவி நிமிர்த்தத் தொடங்கினாள்.