திரும்பக் கூடாத கவுன்

1

இந்தக் கதை ஒரு படத்திலிருந்து வந்தது. விழா வாசலில் ஒரு நடிகை சிரிக்கிறாள். ஓரத்தில் மங்கலாக ஒரு பெண், வாய் திறந்தபடி, ஒரு கை மட்டும் தெரிய. கீழே ஒரு வரி: 'கூடப்பிறந்த அக்காவையே திரும்பிப் பார்க்காத திமிர்!'

ஆச்சரியக்குறியை எங்கோ இலவசமாகத் தருகிறார்கள் போலிருக்கிறது.

2

முதல் தொடக்கம்: 'நிலவைப் போல அவள் காரிலிருந்து இறங்—'

வேண்டாம். நிலவை ஏற்கெனவே போதுமான அளவு கசக்கிவிட்டார்கள்.

இரண்டாவது: ஓட்டல் அறையில் அவள் மூச்சை அடக்கி நின்றாள். கவுன் கடையின் இரவல். வெட்டக் கூடாது, தைக்கக் கூடாது. அவளைவிட இரண்டு சுற்றுப் பெரியது. ஸ்டைலிஸ்ட் முதுகுப்பக்கத் துணியைக் கொத்தாகப் பிடித்து, துணி காயப்போடும் கிளிப்புகளை மாட்டினாள்.

"திரும்பிடாதீங்க மேடம். முன்னாடி மகாராணி, பின்னாடி மொட்டமாடி."

"உக்காரலாமா?"

"கவுன் உக்காராது மேடம்."

"சிரிக்கலாமா?"

"வாயால மட்டும்."

(முதுகு படத்தில் வந்தால் இனி எந்தக் கடையும் துணி தராது. புதுத் துணி இல்லாத நடிகையை நாம் ஒரு வாரத்தில் மறப்போம். நம் விசுவாசம் அவ்வளவு.)

3

அக்காதான் கதையில் இடிக்கிறாள். தன் கல்யாணத்துக்குத் தங்கை படப்பிடிப்பைச் சாக்காகச் சொல்லி வராததால் மூன்று வருடமாகப் பேசாதவள், தானாக ஏன் வந்தாள்? 'ரத்தபாசம் என்பது—'

அடித்துவிட்டேன். வந்தாள். விளம்பரத் திரையின் ஓரமாகத் தங்கைக்குப் பின்னால் நின்று கூப்பிட்டாள்.

"சுண்டு!"

வீட்டுப் பெயர். கேமராக்காரர்கள் உடனே கவ்விக்கொண்டார்கள். "சுண்டு மேடம், இந்தப் பக்கம்! சுண்டு, ஒரு சிரிப்பு!"

"கல்யாணத்துக்குத்தான் வரல. கூப்பிட்டாக்கூடத் திரும்ப மாட்டியாடி? சரி, இனிமே கூப்பிடவே மாட்டேன்."

நடிகையின் தோள் அசைந்தது. ஒரு கிளிப்பு தெறித்து அக்காவின் காலடியில் விழுந்தது. அக்கா அதைப் பார்த்தாள். பிறகு முதுகைப் பார்த்தாள்.

"அடிப்பாவி. துணி காயப்போடுற கிளிப்பா?"

"சிரிக்க வைக்காதக்கா," என்றாள் தங்கை, உதட்டை அசைக்காமல். "இன்னொண்ணும் போயிடும்."

4

முடிவு அ: அவள் திரும்புகிறாள். கிளிப்புகள் உலகப்புகழ் அடைகின்றன. 'மானம் போச்சு!'

முடிவு ஆ: திரும்பவில்லை. படத்தின் கீழிருந்த அந்த வரியை மேலேயே படித்துவிட்டீர்கள். நம்பியும் இருப்பீர்கள்.

இரண்டையும் நான் எழுதப்போவதில்லை. படத்தை மறுபடி பாருங்கள். நடிகையின் சிரிப்பு வாயோடு நிற்கவில்லை. ஓரத்துப் பெண்ணின் இன்னொரு கை, நடிகையின் முதுகுக்குப் பின்னால் எதைப் பிடித்திருக்கிறது?

நீங்களே எழுதுங்கள். ஆச்சரியக்குறி வேண்டாம்.