கட்டில் மூட்டு

என் சாக்குமூட்டை இரண்டும் தெருவில் கிடந்தன. ஜவுளிக்கடையில் மத்தியானச் சாப்பாட்டுக்கு விட்டதும் விடுதிக்கு வந்தவள் வாசலிலேயே நின்றுவிட்டேன். உள்ளே விடுதிக்கார அன்னத்தாய் அக்கா, கையில் விளக்குமாறோடு.

"ஏட்டி பிரேமலதா, ஒன் சாக்குல வந்த பூச்சிதான் வீடு பூரா ஊருது. மூட்டையில வாரதாலதான அதுக்கு மூட்டப்பூச்சின்னு பேரு? எஸ்டேட்டு லயன்ல கெடந்த சாமான நடுவீட்டுல வச்சா வேற என்ன வரும்? வேற எடம் பாத்துக்க."

எனக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. மலையில் எஸ்டேட்டை மூடி, தொழிலாளர் குடியிருந்த லயன் வீட்டிலிருந்து எங்களை இறக்கிவிட்டு எட்டு மாதம் ஆகிறது. இந்தக் கட்டிலும் போனால் திருநெல்வேலியில் எனக்குத் தலைசாய்க்க இடம் கிடையாது. அழுது காலில் விழுந்திருக்கலாம். மனசு வரவில்லை.

"எங்கம்மா அத மூட்டுப்பூச்சின்னுதான் சொல்லுவா. அவ ஆத்தாளும் அப்டித்தான். கட்டில் மூட்டுல குடியிருக்கதால அந்தப் பேரு. வாங்க, காட்டுதேன்."

லயனில் மாதம் ஒருநாள் கட்டிலைக் கழற்றி, மூட்டு மூட்டாக வெந்நீர் ஊற்றிய கை இது. அறையில் என்னோடு இருக்கும் தஸ்மியா அம்மிக்குழவியை எடுத்துவந்து தந்தாள். அவள் கட்டிலின் மரச்சட்ட முனையில் ஓங்கி நாலு போடு போட்டேன். போன சித்திரையில் அக்கா அடித்த பச்சை பெயிண்ட் உரிந்து, கால் தனியே வந்தது. பொந்துக்குள் பூச்சி அப்பிக் கிடந்தது. அது போகட்டும். உரிந்த பெயிண்டின் அடிப்பக்கத்தில் செத்த பூச்சியும் முட்டை ஓடும் ஒட்டியிருந்தன. பழைய கட்டிலை வாங்கி, துடைக்கக்கூடச் செய்யாமல் மேலேயே அடித்திருக்கிறாள், மகராசி. நான் இந்த விடுதிக்கு வந்ததே அதற்கப்புறம், ஐப்பசியில்தான்.

"யா அல்லாஹ், இதுலயா ஒரு வருசமா படுத்துக் கெடந்தேன்!" தஸ்மியா கையை உதறினாள்.

"பெயிண்டுக்கு அடியில இருக்கதும் என் சாக்குலயா வந்துச்சு?" என்று கேட்டேன்.

அக்கா கட்டில் பக்கமே பார்க்கவில்லை. "சரி சரி, சத்தம் போடாத. சாக்க எடுத்து உள்ள வையி."

தெரியாமல் சொல்லிவிட்டேன் என்று ஒரு வார்த்தை இல்லை. அடேயப்பா, என்ன நெஞ்சழுத்தம்!

"வெளிய போட்டது யாரு? அவங்களே எடுத்து வைக்கட்டும்."

கழற்றிய கட்டில் காலை விடாமல் பிடித்தபடி நின்றேன். அக்கா என்னையும் அந்தக் காலையும் மாறி மாறிப் பார்த்துவிட்டுத் தெருவில் இறங்கினாள். வெயிலில் குனிந்து முதல் சாக்கைத் தூக்கினாள். அவள் சேலைக் கொசுவத்தில் இரண்டு பூச்சிகள் இடுப்பைப் பார்த்து ஏறிக்கொண்டிருந்தன. நான் சொல்லவில்லை.