உச்சி வெயிலில் ஒரு சிவப்புப் புள்ளி

உமாதேவிக்கு அந்த வேலை வேண்டும். இதில் ஒளிவுமறைவு எதற்கு? கல்யாணமாகிப் பதினாறு வருடத்தில் புருஷன் வேல்பாண்டி வீட்டில் தங்கிய நாட்களைக் கூட்டினால் மூன்று வருடம் தேறாது. ராணுவத்தில் ஹவில்தார். இன்னும் எட்டு மாதத்தில் பென்ஷன். அதுவரை ராயப்பன்பட்டித் திராட்சைத் தோட்டம், மருந்தடிப்பு, வியாபாரிகளோடு மல்லுக்கட்டு எல்லாம் அவள் தலையில்தான்.

அப்படிப்பட்டவளிடம், "சாருக்குத் தேனியில எங்க கேமரா கிளைக்கு மேனேஜர் வேலை. தெனமும் பஸ்ல போயிட்டு வந்துரலாம்" என்று ஒருவன் வந்து சொன்னால் காபியில் சீனி கூடத்தானே செய்யும்?

வந்தவன் வினோத்ராஜ். துப்பாக்கி மேல் மாட்டிக் குறிபார்க்கும் ஸ்கோப்பை ராணுவத்துக்கு விற்கப் பார்க்கும் கம்பெனியின் ஆள். ஒன்றில் வைத்தால் வெறும் கண்ணுக்குத் தெரிகிற அளவே தெரியும், ஆறில் வைத்தால் தூரத்து ஆள் ஆறு மடங்கு கிட்டே வருவான். நடுவில் ஒரு சிவப்புப் புள்ளி எரியும். பக்கத்தில் திடீரென்று எதிரி வந்தால், அந்தப் புள்ளி பட்ட இடத்தில் சுட வேண்டியதுதான். ராஜஸ்தானில் அதைச் சோதித்துப் பார்த்த வேல்பாண்டி, நண்பகலில் புள்ளி தெரியவில்லை என்று எழுதிக் கொடுத்துவிட்டான்.

இப்போது வினோத்ராஜ் கையெழுத்துக்காக நீட்டிய தாளில் ஒரே வரி. பேட்டரி தீர்ந்துபோனதைக் கவனிக்காதது என் தவறு.

"புது பேட்டரி போட்டுத்தான் பாத்தேன் தம்பி" என்றான் லீவில் வந்திருந்த வேல்பாண்டி.

"இருக்கட்டும் சார். இல்லன்னா ஒங்களுக்குக் கையாளத் தெரியலன்னு மேல எழுதிருவாக. பென்ஷன் வாங்குற நேரத்துல எதுக்கு வம்பு?"

இனிப்பு பாதி, மிரட்டல் பாதி. வினோத்ராஜ் பையிலிருந்து ஸ்கோப்பை எடுத்து, புது பேட்டரி ஒன்றை உறை கிழித்துப் போட்டு உமாதேவியிடம் கொடுத்தான். வீட்டுக்குள் புள்ளி குங்குமம் வைத்தது போல் பளிச்சென்று தெரிந்தது.

"நல்லாத்தானங்க தெரியுது. ஒரு வரிதான, போட்டுக் குடுங்களேன்" என்றாள்.

வேல்பாண்டி கோபப்படவில்லை. "வெளிய வந்து பாரு" என்று மட்டும் சொன்னான். மணி பன்னிரண்டு. திராட்சைப் பந்தல் நிழலைத் தாண்டி, வெள்ளையடித்த மோட்டார் ரூமுக்கு எதிரே இருவரையும் நிறுத்தினான். சுவர் கண்ணைக் குத்தியது. ஸ்கோப்பை ஒன்றில் வைத்து வினோத்ராஜிடம் கொடுத்தான்.

வினோத்ராஜ் பார்த்தான். புள்ளியின் வெளிச்சத்தைக் கூட்டும் குமிழைத் திருகினான். கடைசி வரைக்கும் திருகினான். கையை மறைப்பாக வைத்துப் பார்த்தான். வெயில் அவன் சம்பளத்துக்கு வேலை செய்யவில்லை.

"கொஞ்சம் கண்ணு பழகணும் சார்."

உமாதேவி வாங்கிப் பார்த்தாள். சுவர் இருந்தது. புள்ளியைக் காணோம். இதை நம்பியா இவர் வெயிலில் நின்றார்? அடுத்து நிற்கப்போகிறவன் எந்த ஊர்ப் பிள்ளையோ.

"கண்ணு பழகுற வரைக்கும் எதிராளி நிப்பானா தம்பி?" என்றாள்.

வேல்பாண்டி அந்தத் தாளை வாங்கினான். அச்சடித்த வரியை அடித்துவிட்டுக் கீழே எழுதினான். புது பேட்டரி. கம்பெனி ஆளே போட்டது. மதியம் பன்னிரண்டு மணி. வெளிச்சத்தை முழுசாகக் கூட்டியும் புள்ளி தெரியவில்லை. தேதி போட்டு, தன் ராணுவ நம்பர் போட்டு, கையெழுத்தும் போட்டான்.

"நீங்க கேட்ட கையெழுத்து. கொண்டு போங்க. போட்டோ எடுத்து எங்க ஆபீசருக்கும் அனுப்பிருதேன். கையாளத் தெரியலன்னு எழுதுறவுக தாராளமா எழுதட்டும்."

வினோத்ராஜுக்கு முகம் செத்துவிட்டது. கடைசி முயற்சியாக உமாதேவி பக்கம் திரும்பினான்.

"மேடம், நீங்களாவது சொல்லுங்க. சார் வீட்டோட இருக்கணும்னு ஒங்களுக்கு ஆசை இல்லையா? அந்த வேலை வேணாமா?"

"வேணும் தம்பி. இப்பவும் வேணும்" என்றாள் உமாதேவி.

பேனாவைப் புருஷன் கையிலிருந்து வாங்கி, அவன் பெயருக்குக் கீழே ‘சாட்சி’ என்று எழுதித் தன் முழுப் பெயரையும் போட்டாள்.