இசை: பிர்தௌஸ்

பிர்தௌஸுக்குப் பத்தொன்பது வயதில் ராஜமாணிக்கம் சூட்டிய பெயர் பூஜா. அவருடைய மெல்லிசைக் குழுவில் கீபோர்டு வாசிக்க வந்த முதல் நாளே அந்தப் பெயரை பேனருக்குக் கொடுத்துவிட்டார்.

"கோயில் ஊரும்மா. நாம ஜாஸ்தி வாசிக்கிறதே பக்திப் பாட்டுதான். இந்தப் பேருன்னா யாரும் ஒண்ணும் கேக்க மாட்டாங்க."

அவளுக்கு வாசிக்க ஒரு மேடை கிடைத்தால் போதுமென்றிருந்தது. தலையாட்டினாள்.

இருபத்திரண்டு வருஷம் ஓடியது. வாசிக்க வந்தவள் மெட்டுப் போட ஆரம்பித்தாள். குழல் எங்கே நுழைய வேண்டும், வயலின் எங்கே அடங்க வேண்டும், தபேலா எப்போது நடையை மாற்ற வேண்டும், எல்லாம் அவள் எழுதிக் கொடுத்ததுதான். ஜவுளிக்கடை விளம்பரம், தேர்தல் பாட்டு, கிரிவலப் பாட்டு என்று குழு வெளியிட்டதில் பாதிக்கு மேல் அவளுடைய மெட்டு. பெயர் மட்டும் ராஜமாணிக்கத்துடையது.

இந்தக் கார்த்திகைக்கு அவள் போட்ட கிரிவலப் பாட்டு ஊரையே பிடித்துக்கொண்டது. ஆட்டோவில் அது, டீக்கடையில் அது. வேங்கிக்கால் மண்டபம் ஒன்றில் ராஜமாணிக்கத்துக்குப் பாராட்டு விழா எடுத்தார்கள். அன்று காலை, மேடைக்குப் பின்னால் அவரிடம் போய் நின்றாள்.

"அண்ணா, மெட்டு என்னுது. மேடையில என் பேரச் சொல்லுங்க. பூஜா இல்ல, பிர்தௌஸ்னு."

"இத்தினி வருஷம் இல்லாம இப்ப என்னாம்மா?"

"இத்தினி வருஷம் கேக்காததுதான் தப்பு."

"ஜனங்க என்னா நெனப்பாங்க?"

"பாட்டு நல்லாருக்குன்னு நெனச்சிட்டாங்களே. இதுக்கு மேல என்னா?"

அவர் மேடையேறினார். சால்வை போர்த்தினார்கள். "எல்லாரும் கேக்கற என் மெட்டு," என்று சொல்லிவிட்டு அவளைப் பார்த்துக் கைகாட்டினார். பாட்டு அவளுடைய கீபோர்டில்தான் தொடங்கும். பிர்தௌஸ் கையைக் கட்டிக்கொண்டாள்.

மறுபடி கைகாட்டினார். அவள் அசையவில்லை. "மணிவேலு, நீ எடுப்பா," என்றார் குழல்காரரிடம். பதினைந்து வருஷமாக அவள் எழுதியதை வாசிக்கும் மணிவேல் குழலை மடியில் வைத்தார்.

"அக்கா எடுத்தாதாங்க நான் எடுப்பேன்."

மைக் திறந்திருந்தது. மண்டபம் முழுக்கக் கேட்டது.

பிர்தௌஸ் எழுந்தாள். "என் பேரு பிர்தௌஸ். இதே ஊருதான். இந்த மெட்டு நான் போட்டது. பிடிக்கலன்னா இப்பவே சொல்லுங்க, எறங்கிப் போயிடறேன்."

முன்வரிசையில் இரண்டு பேர் எழுந்து வெளியே போனார்கள். மற்றவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். பின்னாலிருந்து ஒரு பெண்மணி சத்தம் போட்டாள்: "நின்னுட்டே இருக்கியேம்மா, வாசி!"

உட்கார்ந்து வாசித்தாள். ராஜமாணிக்கம் பாட வேண்டியதாயிற்று. முதல் அடியைத் தவறவிட்டு இரண்டாவதில்தான் சேர்ந்துகொண்டார்.

மறுநாள் போன் வந்தது. "இனிமே குழுவுக்கு வராத."

"வர்றதா இல்லண்ணா. மணிவேலும் வரலயாம்."

அடுத்த வாரம் செங்கம் ரோட்டில், வெள்ளைக்காரர்கள் காப்பி குடிக்க வரும் கடையின் மாடியில் ஓர் அறை பிடித்தார்கள். தரையில் தாளைப் பரப்பி பிர்தௌஸ் எழுதத் தொடங்கினாள். மணிவேல் குனிந்து பார்த்தார்.

"மூணு வயலினாக்கா? நாம ரெண்டே பேருதான இருக்கோம்?"

"நான் எழுதறத எழுதறேன் மணி. வாசிக்கிறவங்க வருவாங்க," என்றாள், தலை நிமிராமல்.