பதினான்காவது தட்டு

ஆகஸ்ட் பதினைந்தாம் தேதி எங்கள் ஊரில் ஒரு ஈ காக்காய் இருக்காது. மாதா விண்ணேற்புத் திருநாள் என்று காலையில் பூசை நடக்கும். பூசை முடிந்த கையோடு பாதிரியார் உட்பட எல்லாரும் காரில் ஏறிக் கடற்கரைக்குப் போய்விடுவார்கள். கசாப்புக் கடை மூடியிருக்கும், பார் மூடியிருக்கும், நாய்கூட யாருடைய பின் சீட்டிலாவது உட்கார்ந்து போயிருக்கும். இத்தாலியில் பொலோனியாவுக்கும் மோதெனாவுக்கும் நடுவே அந்த ஒரு நாள் வெயிலும் வெளிநாட்டுக்காரர்களும்தான் மிச்சம். வெயிலை நான் ஒன்றும் செய்ய முடியாது. வெளிநாட்டுக்காரர்களுக்கு அரைகுறை ஆங்கிலத்தில் சமையல் சொல்லிக் கொடுக்கிறேன்.

என் பெயர் மொரேனா. என் வீட்டு மாடிச் சமையலறையில்தான் வகுப்பு. காலையில் வந்து மாவு பிசைந்து, விரித்து, தோர்தெல்லினி மடித்து, மதியம் அதையே எல்லாரும் ஒரே மேஜையில் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டுப் போகலாம். தோர்தெல்லினி என்பது சுண்டுவிரல் நுனியில் சுற்றி மடிக்கிற குட்டிக் கொழுக்கட்டை. உள்ளே பன்றி இறைச்சி, சீஸ், துளி ஜாதிக்காய். அதைச் சேவல் சூப்பில் மிதக்கவிட்டுத்தான் சாப்பிட வேண்டும், அதுவும் காயடித்த சேவல். வெளியே தார் உருகினாலும் கொதிக்கக் கொதிக்கச் சூப்தான். "இந்த வெயிலுக்குச் சாலட் மாதிரி ஏதாவது..." என்று வாரத்துக்கு ஒருவராவது இழுப்பார்கள். நான் அவர்களை ஒரு பார்வை பார்ப்பேன். பிறகு கேட்க மாட்டார்கள்.

அன்றைக்கு வந்தவர்களில் யோப் என்று ஒரு ஹாலந்துக்காரர். துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறாராம். கதவில் குனிந்து நுழைந்தார். விரல் ஒவ்வொன்றும் ஒரு சோசேஜ். பிறந்தநாள் பரிசு என்று அவர் மனைவி வில்மா இந்த வகுப்பில் சேர்த்துவிட்டிருந்தாள். பாவம், மனிதன் என்ன குற்றம் செய்தாரோ.

உருட்டுக்கட்டையை அவர் கையில் கொடுத்து, "மாவு வழியா எதிர் வீட்டு ஜன்னல் தெரியணும், அவ்வளவு மெல்லிசா விரிங்க" என்றேன். அவர் விரித்த மாவு வழியாக எதிர் வீடு இடிந்து விழுந்தாலும் தெரியாது. கம்பளி மாதிரி கிடந்தது. அதை வெட்டி, பூரணம் வைத்து மடித்தார். ஒன்றும் வாய் மூடவில்லை. பூரணமெல்லாம் வெளியே எட்டிப் பார்த்தது. மற்றவர்களுடையதோடு சேர்த்துப் போட்டால் இது வேகவே வேகாது என்று தனிப் பானையில் போட்டேன். அவருக்கு அதில் பெருமை வேறு. "எனக்கு மட்டும் தனிப் பானை!" என்று வில்மாவிடம் காட்டிப் படம் எடுத்துக்கொண்டார்.

தட்டு வைக்கும்போதுதான் எனக்கு உறைத்தது. வந்தவர்கள் பன்னிரண்டு பேர். வழக்கமாகப் பாத்திரம் கழுவ வரும் என் சிநேகிதி லொரெத்தாவும் கூட உட்காருவாள். அன்றைக்கு அவள் கடற்கரையில் கிடந்து வறுபட்டுக்கொண்டிருந்தாள். ஆக, பன்னிரண்டும் நானும் பதின்மூன்று.

பதின்மூன்று பேர் ஒரே மேஜையில் உட்காருவது எங்கள் பக்கத்தில் நடக்கிற காரியம் இல்லை. அப்படி உட்கார்ந்து சாப்பிட்டவர்களில் ஒருவர் மறுநாளே சிலுவையில் தொங்கினார், அவரைக் காட்டிக்கொடுத்த இன்னொருவர் மரத்தில் தொங்கினார். கடவுளைப் பற்றி எனக்குப் பெரிய அபிப்பிராயம் கிடையாது. ஆனால் பதின்மூன்றை நம்புகிறேன்.

"யாரும் உட்காராதீங்க!" என்று கத்தினேன். நாற்காலியைப் பிடித்தவர்கள் பிடித்தபடி நின்றார்கள். விஷயத்தைச் சொன்னேன். சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை என்றதும் ஆளுக்கொரு யோசனை சொல்ல ஆரம்பித்தார்கள்.

பெவர்லி என்ற ஆஸ்திரேலியக்கார அம்மாள், "ரெண்டு மேஜையா பிரிச்சிடலாமே?" என்றாள்.

"கூரை ஒண்ணுதானேம்மா. மேல இருக்கிறவரு மேஜையை எண்ண மாட்டாரு, தலையைத்தான் எண்ணுவாரு."

"அப்ப நீங்க நின்னுக்கிட்டே சாப்பிடுங்களேன்" என்றாள் வில்மா.

"என் வீட்டுல நான் நின்னுக்கிட்டுச் சாப்பிட, நான் என்ன குதிரையா?"

"நான் வேணா வெளியே போய் உக்காந்துக்கறேன்" என்றார் யோப், தன் பானையைப் பார்த்துக்கொண்டே.

"விருந்தாளிய வெளிய அனுப்பறது அதைவிடப் பெரிய பாவம். சும்மா நில்லுங்க."

இதற்கு வழி ஒன்றுதான். பதினான்காவதாக ஓர் ஆளைப் பிடித்து உட்கார வைக்க வேண்டும். தபால்காரனோ, திருடனோ, யாராக இருந்தாலும் சரி. ஜன்னலைத் திறந்து பார்த்தேன். தெருக்கோடி வரைக்கும் வெயில்தான். கீழ்வீட்டு ஜன்னலிலிருந்து மட்டும் டின் மீன் வாசனை வந்தது.

கீழ்வீட்டில் இருப்பவன் எர்மெஸ், என் முன்னாள் கணவன். வீட்டில் பாதி அவனுடையது, பாதி என்னுடையது. இரண்டு பேரும் விட்டுக்கொடுக்கிற ஜாதி இல்லை. அதனால் நான் மேலே, அவன் கீழே. சொல்ல வேண்டியதை நான் துடைப்பக் கட்டையால் தரையில் தட்டிச் சொல்வேன். அவன் தன் கூரையில் தட்டிப் பதில் சொல்வான். கல்யாண வாழ்க்கையைவிட இது அமைதியாகத்தான் இருந்தது.

நாங்கள் பிரிந்தது இன்னொரு பெண்ணால்தான். அவள் பெயர் செசிரா, அவனுடைய அம்மா. எங்கள் கல்யாணத்துக்கு முன்பே செத்துப்போனவள். நான் அவளைப் பார்த்ததும் இல்லை, அவள் சமையலைத் தின்றதும் இல்லை. ஆனால் ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் அவள் என் மேஜையில் வந்து உட்கார்ந்துவிடுவாள். நான் இரண்டு நாள் இடுப்பொடிய உட்கார்ந்து மடித்த தோர்தெல்லினியை எர்மெஸ் ஒரு கரண்டி வாயில் போடுவான், மெல்லுவான், வாயைத் துடைப்பான். "நல்லா இருக்கு மொரேனா. ஆனா அம்மாவோடது..." என்று இழுத்துவிட்டுக் கூரையைப் பார்ப்பான்.

அந்த 'ஆனா'வைக் கொல்ல நான் செய்யாதது இல்லை. ஜாதிக்காயைக் கூட்டினேன், குறைத்தேன். இறைச்சியை வதக்கினேன், பச்சையாக வைத்தேன். மாவை மெல்லிசாக, இன்னும் மெல்லிசாக, மூச்சு விட்டால் பறக்கிற அளவுக்கு விரித்தேன். ஊர்க் கிழவிகளைப் போய்க் கேட்டேன். "செசிராவா? அது தனிக் கைப்பக்குவம்மா!" என்று அவர்களும் கூரையைப் பார்த்தார்கள். செத்தவர்களைப் பற்றி எங்கள் ஊரில் அப்படித்தான் பேசுவார்கள்.

கடைசியில் ஒரு கிறிஸ்துமஸில் பொறுக்க முடியாமல் பானையோடு தூக்கிச் சாக்கடையில் கொட்டினேன். மறுநாள் பாரில், ஊரே காபி குடித்துக்கொண்டிருக்கும்போது அவனிடம் கேட்டேன்: "உங்கம்மாவோடதைவிட என்னோடதுதான் மேல்னு ஒரே ஒரு தரம் சொல்லு, போதும்." அவன் தலையைக் குனிந்துகொண்டு, "அதை மட்டும் கேக்காத" என்றான். "அப்போ சாகற வரைக்கும் என் கையால உனக்கு ஒரு வாய் கிடையாது" என்று சத்தியம் செய்தேன். அவன் வாயிலிருந்து அந்த ஒரு வார்த்தை வர வேண்டும் என்பதைத் தவிர எனக்கு உலகத்தில் வேறு ஆசை இல்லை என்று அன்றைக்குத்தான் எனக்கே தெரிந்தது. இந்த ஆகஸ்ட் பதினைந்து வரைக்கும் அதே ஆசைதான். வெட்கமாகத்தான் இருக்கிறது, என்ன செய்ய?

கீழே இறங்கிப் போனேன். எர்மெஸ் பனியனோடு நின்றுகொண்டு டின்னிலிருந்து முள்கரண்டியால் மீன் தின்றுகொண்டிருந்தான்.

"யோவ், சட்டையைப் போட்டுக்கிட்டு மேல வா. பதின்மூணு பேர் ஆயிட்டோம்."

அவன் முள்கரண்டி அப்படியே நின்றது. விளக்கம் தேவைப்படவில்லை, அவனும் எங்கள் ஊர்க்காரன். "ஐயையோ. யாராவது உக்காந்துட்டாங்களா?"

"இல்ல. நிக்க வெச்சிருக்கேன்."

"நல்லவேளை. வர்றேன். ஆனா சாப்பாடு?"

"உக்காந்தா போதும். சாப்பிட வேணாம்."

"நேத்துலேருந்து சூப் வாசனை என் மூக்கைப் பிடிச்சு இழுக்குது. அதுக்கு முன்னால சும்மா உக்காரச் சொல்றியே, நீ மனுஷியா? யூதாஸே வந்து கூப்பிட்டாலும் வர மாட்டேன், பதின்மூணா உக்காந்து சாவுங்க."

யோசித்தேன். என் கையால் கிடையாது என்றுதான் சத்தியம். இன்றைக்கு மாவு பிசைந்ததும் மடித்ததும் வெளிநாட்டுக் கைகள். சூப் வைத்தது நான்தான், ஆனால் சூப் என்பது சேவலின் உழைப்பு. "சரி, வந்து தொலை. அவங்க செஞ்சதைத் தர்றேன்" என்றேன்.

எல்லாரும் உட்கார்ந்தார்கள். எர்மெஸ் தலை வாரி, வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு மாப்பிள்ளை மாதிரி பதினான்காவது தட்டின் முன்னால் உட்கார்ந்தான். கூட்டம் அவனுக்குக் கை தட்டியது. அதைப் பார்த்ததும் எனக்கு வயிறு எரிந்தது. அந்த எரிச்சலில்தான் யோபின் தனிப் பானையைத் தூக்கி, அதிலிருந்து ஒரு பெரிய கரண்டி அள்ளி அவன் தட்டில் போட்டேன். தின்னட்டும்! என்னுடையதைக் குறை சொன்ன வாய் இந்தக் கம்பளியை மெல்லட்டும் என்று எதிரிலேயே உட்கார்ந்து பார்த்தேன்.

முதல் வாய் போட்டான். மென்றான். மெல்வதை நிறுத்தினான். பல்லில் ஒட்டியதை நாக்கால் எடுத்தான். இன்னொரு வாய் போட்டான். அவன் கண்ணில் தண்ணீர் நின்றது.

"சூடா?" என்று கேட்டேன்.

"மொரேனா," என்றான், "இது அம்மாவோடது."

மேஜையில் யாருக்கும் எங்கள் இத்தாலியப் பேச்சு புரியவில்லை. எனக்கும்தான். கையை நீட்டி அவன் தட்டிலிருந்தே ஒன்றை எடுத்துத் தின்றேன். நடுவில் மாவு வேகவில்லை. பூரணம் பாதி ஓடிப்போயிருந்தது. பிளாஸ்டர் ஒட்டினாற்போல் மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. இதற்காகவா! இந்தக் கண்ராவிக்காகவா நான் அத்தனை கிறிஸ்துமஸ் இடுப்பொடிந்தேன்! சிரிப்பும் கோபமும் ஒன்றாக வந்ததில் இருமிவிட்டேன். பெவர்லி என் முதுகில் தட்டினாள்.

"எர்மெஸ்," என்றேன் மூச்சு வந்ததும், "உங்கம்மாவுக்குத் தோர்தெல்லினி செய்யவே தெரியாது."

"தெரியாதுதான்" என்றான் அமைதியாக.

"என்னது?"

"அவளுக்கு எங்கேருந்து தெரியும்? வருஷம் முழுக்க ஹாம் தொழிற்சாலையில பன்றித் தொடைக்கு உப்புத் தடவிட்டு வருவா, கை ரெண்டும் வெடிச்சுக் கிடக்கும். கிறிஸ்துமஸுக்கு முதல் நாள் தூக்கம் வழிய உக்காந்து எனக்காக உருட்டுவா. இப்படித்தான் இருக்கும். நடுவுல வேகாது. அப்பாவும் கிடையாது, நானும் அவளும்தான் தின்போம்."

"அப்ப தனிக் கை, தனிக் கைன்னு ஊரே சொல்லுச்சே?"

"ஊர்ல எவன் தின்னான்? சும்மா சொல்றதுதான். அவங்க சொல்லும்போது நான் இல்லேன்னா சொல்ல முடியும்?"

"எங்கிட்டயாவது சொல்லியிருக்கலாமேடா பாவி!"

"நீ பார்ல வெச்சுக் கேட்டே. எங்கம்மாவுக்குச் சமைக்க வராதுன்னு ஊரைக் கூட்டி வெச்சு என் வாயால சொல்லணுமா?" மேஜையைச் சுற்றிலும் ஒரு தரம் பார்த்தான். "இவங்க யாருக்கும் நம்ம பேச்சு புரியாதுல்ல?"

"புரியாது."

"உன்னோடதுதான் மேல் மொரேனா. கிட்டவே நிக்க முடியாது. முதல் கிறிஸ்துமஸ்லயே தெரியும் எனக்கு. ஆனா அந்த ஒரு நாள் எனக்கு மேலானது வேணாம். இது வேணும். அவ்வளவுதான்." சொல்லிவிட்டு மறுபடி கரண்டியைத் தட்டில் விட்டான்.

இத்தனை வருஷம் காத்திருந்த வார்த்தை வந்துவிட்டது. வந்ததும் நான் துள்ளிக் குதிக்க வேண்டாமா? குதிக்கவில்லை. ஜெயித்த மாதிரியே இல்லை. அவன் கேட்டது ஒன்று, நான் அவனுக்கு ஊட்டிக்கொண்டே இருந்தது வேறொன்று. அவன் தட்டு காலியாகிக்கொண்டிருந்தது.

எழுந்து யோபிடம் போனேன். அவர் தன் சூப்பை ரசித்துக் குடித்துக்கொண்டிருந்தார்.

"யோப், கொஞ்சம் எழுந்து வாங்க."

"ஏன், நான் ஏதாவது தப்பு பண்ணிட்டேனா?"

"காலையில மாவை எப்படி விரிச்சீங்கன்னு எனக்கு இன்னொரு தரம் காட்டுங்க."

அவர் வில்மாவைப் பார்த்தார். வில்மா தோளைக் குலுக்கினாள். எல்லாரும் சூப்பை விட்டுவிட்டுப் பலகையைச் சுற்றி வந்து நின்றார்கள். மிச்சமிருந்த மாவை எடுத்து வைத்து உருட்டுக்கட்டையைப் பிடித்தேன். தடிமனாக நிறுத்த வேண்டும் என்றுதான் நினைத்தேன். கை கேட்கவில்லை. நாலு உருட்டில் மாவு தானாக மெலிந்து பலகை முழுக்கப் பரவிவிட்டது. பெவர்லி "ஆஹா!" என்றாள்.

"இல்ல, இல்ல," என்று யோப் தலையை ஆட்டினார். "ரொம்ப அழகா இருக்கு. இது சரியில்ல. சுருட்டிட்டு முதல்லேருந்து போடுங்க."

சுருட்டினேன். மறுபடி உருட்டினேன். மறுபடியும் எதிர் வீட்டு ஜன்னல் தெரிந்தது. பின்னாலிருந்து எர்மெஸ் கையில் தட்டோடு எட்டிப் பார்த்து, "இன்னும் மெல்லிசாத்தான் இருக்கு" என்றான்.

"நீ வாயை மூடு" என்றேன்.

யோப் என் இரண்டு கைகள் மேலும் தன் பெரிய கைகளை வைத்து அழுத்தினார். "அவசரப்படாதீங்க, கிறிஸ்துமஸுக்கு நாலு மாசம் இருக்கு" என்றார். எங்கள் பேச்சு அவருக்குக் கொஞ்சம் புரியும் என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது.