வருகைப் பதிவுக்கு மட்டும்

அக்கா ஆயத்த ஆடைக் கம்பெனியில் துணி தேய்க்கிறவள். பதினொரு வருஷம் இஸ்திரிப் பெட்டியின் ஆவியில் வெந்தவளை, மேனேஜர் ஒரு தாளை நீட்டி வீட்டுக்குப் போகச் சொல்லிவிட்டார்.

தாளில் இரண்டு படங்கள். ஒன்று, தினமும் கம்பெனி வாசலில் வருகை பதியும் மெஷின் முன்னால் அவள் காட்டும் முகம். இன்னொன்று, லீவு நாளில் கூலி உயர்வு கேட்டு மைதானத்தில் கோஷம் போட்ட முகம். கீழே, 'இருவரும் ஒருவரே' என்று எழுதி, முத்திரை குத்தி, மேனேஜர் கையெழுத்தும் போட்டிருந்தார்.

கோஷம் போட்டது அவள் இல்லை. அதே கம்பெனியில் பட்டன் தைக்கிற அவள் தங்கச்சி. இருவரும் உரித்து வைத்த மாதிரி இருப்பார்கள். ஒருநாள் தங்கச்சியைப் பார்த்து அந்த மெஷின் அக்கா பேரைச் சொல்லிக் கதவைத் திறந்தது. மெஷினுக்கு மாலைக்கண் என்று தங்கச்சி ஒரு வாரம் சொல்லிச் சொல்லிச் சிரித்தாள்.

இப்போது அக்காவுக்குச் சிரிப்பு வரவில்லை. நான் இல்லை என்றால், பின்னே யார் என்பார்கள். தங்கச்சி வேலை போகும்.

மேனேஜர் கத்தக்கூட இல்லை. கம்ப்யூட்டர் பொய் சொல்லாதும்மா, நீயே ராஜினாமா எழுதிக் கொடுத்துவிட்டால் நல்ல பேரோடு போகலாம் என்றார். அந்தத் தேன் தடவிய பேச்சுதான் அவளைக் கொதிக்க வைத்தது.

கைப்பையிலிருந்து நைந்துபோன ஒரு நகலை எடுத்தாள். மெஷின் வைத்த அன்று எல்லோரிடமும் கையெழுத்து வாங்கிய படிவம். மற்றவர்கள் கசக்கி எறிந்தார்கள். இவள் பஸ் டிக்கெட்டைக்கூட எறியாத ரகம். முகப்பதிவு வருகைக்கு மட்டும், வேறு எதற்கும் தனியாகச் சம்மதம் வாங்க வேண்டும் என்று, சட்டத்துக்குப் பயந்து கம்பெனியே அச்சடித்த வரி அதில் இருந்தது.

"அது நானா இல்லையாங்கிறது கிடக்கட்டும் சார். வாசல்ல மூஞ்சியக் காட்டச் சொன்னீங்க, காட்டினேன். அதைத் தூக்கிட்டுப் போய் கூட்டத்துல தேடச் சொல்லி எங்க கையெழுத்துப் போட்டேன்? காட்டுங்க."

மேனேஜர் படத் தாளைத் திரும்ப வாங்கக் கையை நீட்டினார். அவள் இரண்டையும் சேர்த்து மடித்தாள்.

"தேடினோம்னு நீங்களே முத்திரை குத்திக் கொடுத்திருக்கீங்க. தொழிலாளர் ஆபீசுக்கு வேற சாட்சி எதுக்கு?"

உட்காரும்மா, பேசிக்கலாம் என்றார். அவள் உட்காரவில்லை.

வாசலில் மெஷின் முகத்தைக் காட்டச் சொன்னது. காட்டினால்தான் திறக்கும் என்று காவலாளி தயங்கினார். அவள் மெஷினுக்கு முதுகைக் காட்டி நின்றாள்.

"சாவி எதுக்கு வச்சிருக்கீங்க அண்ணே? கையாலத் திறங்க."

அவர் திறந்தார்.